கால்நடை டாக்டர் படிப்பை நாம இன்னும் சரியாப் புரிஞ்சுக்கல

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஓ லெவல், ஏ லெவல் ரிசல்ட் வந்ததும் தமிழ்ப் பத்திரிகையில மேல்படிப்பு பத்தி நிறைய கட்டுரை வருது, மருத்துவம், சட்டம், கம்ப்யூட்டர், பேங்க் வேலை எல்லாம் விரிவாப் போடுறீங்க, சந்தோஷம்தான். ஆனா கால்நடை மருத்துவம் பத்தி ஒரு முழுப்பக்கம் வந்து நான் படிச்ச ஞாபகம் இல்ல. அதனாலதான் இந்தக் கடிதம், கொஞ்சம் நீளமாப் போனாலும் தயவுசெஞ்சு முழுசாப் படிச்சுப் பாருங்க.

நம்ம ஆளுங்ககிட்ட ஒரு பழக்கம் இருக்கு. ஒரு பிள்ளை வெட், அதாவது கால்நடை டாக்டர், ஆகணும்னு சொன்னா உடனே, "ஏன், மனுஷ டாக்டருக்கு சீட் கிடைக்கலையா?"ன்னு கேப்பாங்க. எங்க அண்ணன் மககிட்ட கோயில்லயும் கேட்டுட்டாங்க, கல்யாண வீட்லயும் கேட்டுட்டாங்க. அந்தப் பிள்ளை இப்ப தெமாசெக் பாலிடெக்னிக்ல வெட்னரி டெக்னாலஜி டிப்ளோமா படிக்குது, விரும்பித்தான் எடுத்துச்சு. டிப்ளோமா முடிச்சா கிளினிக்ல டாக்டருக்கு உதவியா வேலை பாக்கலாம், லேப்ல வேலை பாக்கலாம். ஆனா டாக்டர் ஆகணும்னா பட்டம் வேணும், அந்தப் பட்டம் சிங்கப்பூர்ல எந்தப் பல்கலைக்கழகத்துலயும் இல்ல. ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, பிரிட்டன்னு போகணும், மொத்தச் செலவு பல லட்சம் வெள்ளியில நிக்குது. எந்தெந்தப் பல்கலைக்கழகப் பட்டத்தை இங்க ஏத்துக்குவாங்கன்னு சிங்கப்பூர் அரசாங்கத்தோட கால்நடைத் துறையான ஏவிஎஸ் ஒரு பட்டியல் வச்சிருக்காங்க, அதைப் பாத்துட்டுத்தான் எங்கயும் காசு கட்டணும், இதையும் பெத்தவங்களுக்கு யாராவது சொல்லணும்.

இந்த விஷயத்தைப் பத்தி வீட்ல பேசிப் பேசித்தான் சென்னை வேப்பேரியில இருக்குற மெட்ராஸ் வெட்னரி காலேஜ் பத்தி நான் நிறைய படிக்க ஆரம்பிச்சேன். நம்ம தமிழ் ஆளுங்க பெருமையாப் பேச வேண்டிய ஒரு அரசாங்கக் கல்லூரி அது, ஆனா நம்மள்ல நிறைய பேருக்கு அது என்ன செஞ்சுதுன்னே தெரியாது.

1903 அக்டோபர் 1ஆம் தேதி, வேப்பேரியில டாபின் ஹால்னு ஒரு சின்னக் கட்டடத்துல 20 மாணவர்களோட ஆரம்பிச்சாங்க. அதுக்கு முன்னாடியே லாகூர்ல 1882லயும், பம்பாயில 1886லயும், கல்கத்தாவுல 1893லயும் கால்நடைக் கல்லூரி வந்துடுச்சு. வெள்ளைக்காரன் ஏன் இதெல்லாம் திறந்தான்னா முதல் காரணம் பட்டாளத்துக் குதிரை. வண்டி இழுக்க, பீரங்கி இழுக்க, சவாரிக்கு எல்லாத்துக்கும் குதிரைதான், அது படுத்துட்டா பட்டாளமே படுத்துடும். ரெண்டாவது காரணம்தான் நம்ம ஜனங்களைத் தொட்டது, மாடு. உழ, தண்ணி இறைக்க, வண்டி ஓட்ட, பால் குடுக்க, எருவுக்கு, எல்லாத்துக்கும் மாடு இருந்த காலம். ஒரு ஊர்ல மாடு செத்துச்சுன்னா அந்த வருஷம் விதைப்பே கிடையாது, அப்புறம் கடன், அப்புறம் பட்டினி. அந்த மாட்டைக் கொன்ன நோய்கள்ல பெரிய எமன் வெக்கை நோய்.

வெக்கையைப் பத்திக் கொஞ்சம் விரிவாச் சொல்லணும். இந்த மாதிரிக் கல்லூரிங்க இருக்கணுமா வேண்டாமான்னு யாராவது கேட்டா நான் இந்த ஒரு நோயைத்தான் காட்டுவேன். மனுஷங்களுக்கு வர்ற தட்டம்மை கிருமிக்கு ரொம்ப நெருங்கின சொந்தம் இந்தக் கிருமி. மாடு, எருமைக்கு வரும். முதல்ல காய்ச்சல், அப்புறம் வாயெல்லாம் புண்ணு, மூக்குலயும் கண்ணுலயும் ஒழுகும், அப்புறம் கழிச்சல், ஒரு வாரம் பத்து நாள்ல மாடு போயிடும். ஒண்ணுக்கு வந்தா தொழுவத்துல இருக்குற எல்லாத்துக்கும் வரும். 1890கள்ல இது ஆப்பிரிக்காவுக்குள்ள போனப்ப கிழக்குலயும் தெற்குலயும் பெரும்பாலான மாடு செத்து, மாட்டை நம்பி இருந்த ஜனங்க கொத்துக் கொத்தா பட்டினியில செத்தாங்க. ஐரோப்பாவுல முதல் கால்நடைக் கல்லூரி பிரான்ஸ் நாட்டு லியோன்ல 1761ல வந்ததுக்கும் இந்த நோய்தான் ஒரு முக்கியக் காரணம்.

இந்தியாவுல 1871லயே இந்த மாட்டுக் கொள்ளைநோயை விசாரிக்க அரசாங்கம் ஒரு கமிஷன் போட்டு அறிக்கை வாங்குச்சு. 1889ல புனேயில ஒரு ஆராய்ச்சிக்கூடம் வந்துச்சு, அது பிறகு மலை மேல முக்தேஸ்வருக்குப் போச்சு. அங்க எட்வர்ட்ஸ்னு ஒருத்தர் 1920கள்ல இந்தக் கிருமியை ஆட்டு உடம்புல திரும்பத் திரும்ப ஏத்தி அதோட வேகத்தைக் குறைச்சு ஒரு தடுப்பூசி செஞ்சார். நம்ம பக்கம் ராணிப்பேட்டையில 1932ல சீரம் இன்ஸ்டிடியூட் வந்துச்சு, கால்நடைக்கான தடுப்பு மருந்து அங்க தயாராச்சு, இன்னிக்கும் அது தடுப்பூசி செய்யுற அரசாங்க நிறுவனமா ஓடிட்டு இருக்கு. சுதந்திரத்துக்கு அப்புறம் 1954ல நாடு முழுக்க வெக்கை ஒழிப்புத் திட்டம் ஆரம்பிச்சாங்க. கென்யாவுல 1960 வாக்குல வால்டர் பிளவ்ரைட்னு ஒரு வெட் இன்னும் பத்திரமான தடுப்பூசியைக் கண்டுபிடிச்சார்.

ஆனா ஊசி மருந்து லேப்ல இருந்தா மட்டும் போதுமா சொல்லுங்க. அதைக் கெட்டுப் போகாம ஐஸ்ல வச்சு, பஸ்சே போகாத ஊருக்கு சைக்கிள்லயும் நடந்தும் கொண்டு போய், மாட்டை அவுத்து விட மாட்டேன்னு அடம் பிடிக்குற பெரியவர்கிட்ட பொறுமையாப் பேசி, திமிர்ற மாட்டைப் பிடிச்சு ஊசி போடுறதுக்கு ஆள் வேணும். ஊசி போட்டா மாடு பால் குடுக்காதுன்னு நினைச்சவங்க, சாமிக் குத்தம்னு நம்பினவங்க எல்லாரையும் சம்மதிக்க வைக்கணும். அந்த ஆளுங்களை உருவாக்கினது வேப்பேரி மாதிரி அரசாங்கக் கல்லூரிங்கதான். தலைமுறை தலைமுறையா இந்த வேலை நடந்துச்சு. 1995க்கு அப்புறம் இந்தியாவுல வெக்கை வரல. அப்புறமும் விடல, தடுப்பூசியை நிறுத்திட்டு, எங்கயாவது ஒளிஞ்சிருக்கான்னு பல வருஷம் ஊர் ஊராத் தேடிப் பாத்து, 2006ல இந்தியா வெக்கை இல்லாத நாடுன்னு உலக அமைப்பு சான்று குடுத்துச்சு. 2011ல உலகத்துலயே இல்லைன்னு அறிவிச்சாங்க. மனுஷன் முழுசா ஒழிச்சது ரெண்டே ரெண்டு நோயைத்தான், ஒண்ணு பெரியம்மை, இன்னொண்ணு வெக்கை. பெரியம்மை ஒழிஞ்சது எல்லாருக்கும் தெரியுது. வெக்கை ஒழிஞ்சது நம்ம ஸ்கூல் பிள்ளைங்கள்ல எத்தனை பேருக்குத் தெரியும்?

கல்லூரி கதைக்கு வர்றேன். ஆரம்பத்துல அங்க டிப்ளோமாதான் குடுத்தாங்க, ஜிஎம்விசின்னு பேருக்குப் பின்னாடி போட்டுக்குவாங்க. 1935-36ல சென்னைப் பல்கலைக்கழகத்தோட சேந்து பட்டப்படிப்பு ஆச்சு, இந்தியாவுலயே கால்நடை மருத்துவத்துக்குப் பட்டம் குடுத்த முதல் கல்லூரி அதுதான். 70கள்ல வேளாண் பல்கலைக்கழகத்துக்குக் கீழ போச்சு. 1989ல தமிழ்நாடு கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகம் தனியா வந்துச்சு, இந்தியாவுல முதல் கால்நடைப் பல்கலைக்கழகம் இது, தலைமையிடம் மாதவரம் பால் பண்ணையில. நாமக்கல்ல 1985லயே ரெண்டாவது கல்லூரி வந்தாச்சு, அப்புறம் திருநெல்வேலி, ஒரத்தநாடு, இப்ப சேலம் தலைவாசல், உடுமலை, தேனின்னு பரவிடுச்சு.

நாமக்கல்ல கல்லூரி வந்ததுல ஒரு பெரிய அர்த்தம் இருக்கு. அந்த ஊரு முட்டைக்குப் பேர் போனது. லட்சக்கணக்குல கோழியை ஒரே இடத்துல வளர்த்தா ஒரு வெள்ளைக்கழிச்சல் வந்தாப் போதும், பண்ணை காலி. கோழி செத்தா உடனே அறுத்துப் பாத்து என்ன நோய்னு சொல்ல, தீவனத்துல பூஞ்சை நஞ்சு இருக்கான்னு சோதிக்க, எப்ப என்ன ஊசின்னு அட்டவணை குடுக்க, பக்கத்துலயே படிச்ச ஆளுங்களும் லேப்பும் வேணும். தமிழ்நாட்டு சத்துணவுல பள்ளிக்கூடப் பிள்ளைங்க தட்டுல முட்டை வைக்குறாங்கல்ல, அந்த முட்டைக்குப் பின்னாடியும் இந்தப் படிப்பு இருக்கு.

அங்க படிக்குறவங்க யாருன்னும் பாக்கணும். ஐந்தரை வருஷப் படிப்பு, அதுல கடைசி ஒரு வருஷம் பயிற்சி. தமிழ்நாட்டு இடங்களுக்கு பிளஸ் டூ மார்க் வச்சுத்தான் எடுக்குறாங்க. 2021ல இருந்து அரசுப் பள்ளியில படிச்சவங்களுக்கு 7.5 சதவீத இடம் தனியா ஒதுக்கியாச்சு. ஆடு மேய்ச்ச வீட்டுப் பிள்ளை, பால் கறந்து சொசைட்டியில ஊத்துற வீட்டுப் பிள்ளை அங்க போய் டாக்டரா வெளிய வருது. அரசாங்கக் கல்லூரியா இருக்குறதாலதான் இது நடக்குது. பல லட்சம் வெள்ளி கட்டித்தான் படிக்கணும்னு இருந்தா அந்தப் பிள்ளைங்க எப்படி வரும்?

வேப்பேரி ஆஸ்பத்திரியை நான் நேர்ல பாத்திருக்கேன், புரசைவாக்கத்துல எங்க சொந்தக்காரங்க இருக்காங்க, அவங்க வீட்டு நாயைக் கொண்டு போனப்ப கூடவே போனேன். காலையிலயே கூட்டம். ஒரு பக்கம் ஏசி கார்ல இருந்து இறங்குற லாப்ரடார், பக்கத்துலயே ஆட்டோவுல ஆட்டுக்குட்டியை மடியில வச்சுட்டு வந்த பாட்டி, பின்னாடி டெம்போவுல கன்னு போட முடியாம தவிக்கிற பசுமாடு. பெரிய டாக்டர் ஒருத்தர், அவரைச் சுத்தி வெள்ளை கோட்டு போட்ட பிள்ளைங்க. அவர் கேள்வி கேக்குறார், பிள்ளைங்க தொட்டுப் பாத்து பதில் சொல்லுது, தப்பா சொன்னா அங்கயே திருத்துறார். எல்லாரும் ஒரே வரிசையிலதான், சீட்டு வாங்க பெரிய காசும் இல்ல. அந்தப் பாட்டிக்கு அந்த ஆட்டுக்குட்டி எத்தனை முக்கியம்னு அங்க நின்ன எல்லாருக்கும் புரிஞ்சுச்சு. மாணவர் கத்துக்குறாங்க, ஏழை ஜனங்களுக்கு வைத்தியம் கிடைக்குது, புது நோய் ஏதாவது ஊருக்குள்ள வந்தா முதல்ல அங்கதான் தெரிய வருது, மூணும் ஒரே கூரைக்குக் கீழ நடக்குது. மாட்டுக்கு சினை பாக்குறது எப்படின்னு புத்தகத்துல படிச்சா வராது, தோள் வரைக்கும் கிளவுஸ் போட்டு கையை உள்ள விட்டுத்தான் கத்துக்கணும், அதுக்கு மாடு வேணும், மாடு வர்ற ஆஸ்பத்திரி வேணும்.

அந்தப் பல்கலைக்கழகம் செய்யுற இன்னொரு வேலையும் எனக்கு ரொம்பப் பிடிச்சது. பசுவுக்கு மடிநோய் வந்தா உடனே ஆன்டிபயாடிக்ன்னு போகாம, சோத்துக்கத்தாழை, மஞ்சள்தூள், சுண்ணாம்பு மூணையும் அரைச்சு மடியில பூசுற நம்ம ஊர்ப் பக்குவத்தை அவங்க முறையா எடுத்து, அளவு சொல்லி, விவசாயிங்களுக்கு சொல்லித் தர்றாங்க. ஆன்டிபயாடிக் ஊசி போட்டா அந்த மருந்து பால்ல இறங்கும், அதைக் குடிக்குறது நம்மதான், கிருமியும் மருந்துக்குப் பழகிப் போயிடும். பாட்டி வைத்தியம்னு தள்ளாம, அதே சமயம் கண்ணை மூடிட்டு நம்பாம, சோதிச்சு எடுத்துக்குறாங்க பாருங்க, அப்படித்தான் இருக்கணும். பர்கூர் மாட்டுக்கு, புலிக்குளம் மாட்டுக்குன்னு தனியா ஆராய்ச்சி நிலையம் வச்சு அந்த இனங்க அழிஞ்சு போகாம பாக்குறாங்க. ஜல்லிக்கட்டு பத்தி உணர்ச்சியாப் பேசுற நம்ம இளைஞர்களுக்கு இதெல்லாம் தெரியணும்.

காட்டு விலங்குக்கும் இந்தப் படிப்புதான். டாக்டர் வி. கிருஷ்ணமூர்த்தி, டாக்டர் கேன்னு அன்பா கூப்பிடுவாங்க, தமிழ்நாட்டு வனத்துறையில யானைங்களுக்கு வாழ்நாள் முழுக்க வைத்தியம் பாத்தவர், 2002ல காலமாயிட்டார். முதுமலை, டாப்சிலிப் யானை முகாம்ல அவர் செஞ்ச வேலை பெரிசு. காட்டுல ஒரு யானை செத்துக் கிடந்தா அழுகிப் போயிருந்தாலும் அறுத்துப் பாத்து ஏன் செத்துச்சுன்னு எழுதி வச்சே ஆகணும்னு நின்னவர். குண்டு பட்டு செத்துச்சா, நோயில செத்துச்சான்னு தெரிஞ்சாத்தானே தந்தம் திருடுறவனைப் பிடிக்க முடியும்.

சரி, இதெல்லாம் தமிழ்நாட்டு சமாச்சாரம், சிங்கப்பூர்ல இருக்குற நமக்கு என்னன்னு கேக்கலாம். நிறைய இருக்கு.

லிட்டில் இந்தியாவுல இருக்குற நம்ம தேக்காவே ஒரு காலத்துல மாட்டுத் தொழுவமும் மாட்டு வியாபாரமுமா இருந்த இடம். எங்க தாத்தா செராங்கூன் பக்கம் மாடு வச்சு சைக்கிள்ல வீடு வீடாப் பால் குடுத்தவர், அந்தத் தலைமுறையில பால்காரர்னாலே நம்ம ஆளுங்கதான். மாட்டுக்கு உடம்பு சரியில்லைன்னா வீடே சாப்பிடாதுன்னு அப்பா சொல்வார். இப்ப பொங்கலுக்கு லிம் சூ காங் பண்ணையில இருந்து மாட்டைக் கொண்டு வந்து லிட்டில் இந்தியாவுல கட்டுறாங்க, பிள்ளைங்க வரிசையில நின்னு பாக்குதுங்க, அதோட மாட்டுக்கும் நமக்கும் உள்ள உறவு முடிஞ்ச மாதிரி ஆயிடுச்சு. ஆனா முடியல. தினமும் குடிக்குற பால், முட்டை, கோழி, ஆட்டுக்கறி எல்லாம் எங்கயோ ஒரு மிருகத்துக்கிட்ட இருந்துதான் வருது. நம்ம சாப்பாட்டுல 90 சதவீதத்துக்கு மேல வெளிநாட்டுல இருந்து வருது. அது பத்திரமா வருதான்னு பாக்குறவங்கள்ல முக்கியமானவங்க வெட்டுங்க. எந்த நாட்டுல என்ன நோய் பரவுது, எந்தப் பண்ணையில இருந்து எடுக்கலாம், எதை நிறுத்தணும், அறுக்குற இடத்துல எந்த மிருகத்தை ஒதுக்கணும், இதெல்லாம் அவங்க கண்ணும் கையும் சொல்ற தீர்ப்பு.

1999 நீப்பா வைரஸ் நம்மள்ல வயசானவங்களுக்கு ஞாபகம் இருக்கும். மலேசியாவுல பன்றிப் பண்ணைகள்ல ஆரம்பிச்சு நூத்துக்கும் மேல ஜனங்க செத்தாங்க. முதல்ல கொசுவால வர்ற மூளைக்காய்ச்சல்னு நினைச்சு கொசு மருந்து அடிச்சாங்க, பன்றிக்கு அதுக்கான ஊசியும் போட்டாங்க, நிக்கல. பன்றி இருமுது, மூச்சு வாங்குது, பண்ணையில வேலை பாக்குறவங்களுக்குத்தான் அதிகம் வருது, இது வேற ஏதோன்னு புரிஞ்ச பிறகுதான் வழி பிறந்துச்சு. பத்து லட்சம் பன்றியைக் கொன்னாங்க. இங்க சிங்கப்பூர்ல அறுக்குற கூடத்துல வேலை பாத்த 11 பேருக்கு வந்துச்சு, ஒருத்தர் இறந்துட்டார். கிருமி வௌவால்ல இருந்து பன்றிக்கும், பன்றியில இருந்து மனுஷனுக்கும் வந்ததுன்னு பிறகு தெரிஞ்சுச்சு. மனுஷ டாக்டர் மட்டும் இருந்து இதைக் கண்டுபிடிச்சு நிறுத்த முடியுமா? ரெண்டு பேரும் சேந்து உக்காந்து பேசினாத்தான் முடியும்.

அதுக்கப்புறமும் நிக்கல. 2022ல மாட்டுக்கு வர்ற தோல் கழலை நோய் இங்கயே வந்துச்சு. 2023 பிப்ரவரியில நம்ம காட்டுப்பன்றியில ஆப்பிரிக்கப் பன்றிக்காய்ச்சல் கண்டுபிடிச்சாங்க, அந்த ஏப்ரல்ல இந்தோனேசியாவோட புலாவ் புலான் தீவுப் பன்றியிலயும் அதே நோய் தெரிஞ்சு அங்க இருந்து வர்றதை நிறுத்தினாங்க. அது மனுஷனுக்கு வர்ற நோய் இல்ல, ஆனா மார்க்கெட்ல கறிக்கு என்ன ஆச்சுன்னு எல்லாரும் பாத்தோம். வெறிநாய்க்கடி சிங்கப்பூர்ல 1953ல இருந்து இல்ல, அதை நாம ரொம்ப சாதாரணமா எடுத்துக்குறோம். உலகத்துல ரேபிஸ்ல சாகுறவங்கள்ல மூணுல ஒரு பங்குக்கும் மேல இந்தியாவுலதான்னு உலக சுகாதார நிறுவனமே சொல்லுது. தானா வந்த பாதுகாப்பு இல்ல இது, நாய்க்கு லைசென்ஸ், ஊசி, வெளிய இருந்து வர்ற மிருகத்தைத் தனியா வச்சுப் பாக்குறது, இதையெல்லாம் விடாமப் பண்றதால வந்த பாதுகாப்பு.

இப்ப வீட்டுப் பிராணிக்கு வர்றேன். 2024 செப்டம்பர்ல இருந்து வீவக (அரசாங்க அடுக்குமாடி) வீட்லயும் பூனை வளர்க்க அனுமதி வந்தாச்சு, லைசென்ஸ் எடுத்து ரெண்டு பூனை வரைக்கும் வச்சுக்கலாம். ரொம்ப நல்ல முடிவு, எங்க புளோக்குல தனியா இருக்குற வயசான அம்மா ஒருத்தங்களுக்கு அந்தப் பூனைதான் பேச்சுத்துணை. ஆனா அதுக்கு உடம்பு முடியாமப் போனா? போன வருஷம் அந்தப் பூனைக்கு மூத்திரம் அடைச்சுக்கிச்சு, ராத்திரியில ஒரு தனியார் கிளினிக்குக்குக் கொண்டு போனோம், டாக்டர் நல்லாத்தான் பாத்தாங்க, ஆனா பில்லைப் பாத்து அந்த அம்மா கை நடுங்கிடுச்சு, புளோக்குல நாங்க நாலு வீடு சேந்து கட்டினோம். டாக்டர்களை நான் குறை சொல்லல. வாடகை, மெஷின், நர்ஸ், மருந்து எல்லாம் அவங்க கைக்காசு, கடன் வாங்கி வெளிநாட்டுல படிச்சுட்டு வந்திருக்காங்க, பாவம் ராத்திரி பகலா நிக்குறாங்க. மனுஷனுக்கு பாலிகிளினிக் இருக்கு, மெடிஷீல்ட் இருக்கு, மானியம் இருக்கு. வேப்பேரியில நான் பாத்த மாதிரி, பேராசிரியரும் மாணவரும் சேந்து பாக்குற, காசில்லாதவங்களும் வரிசையில நிக்கக்கூடிய பொது மிருக ஆஸ்பத்திரி இங்க இல்ல.

கல்லூரி திறக்கணும்னா மாடு எங்க, பண்ணை எங்க, இவ்வளவு சின்ன ஊருக்கு வருஷத்துக்கு எத்தனை வெட் வேணும்னு கேப்பாங்க. நியாயமான கேள்விதான். பன்றிப் பண்ணைங்களையே 80கள்ல மூட ஆரம்பிச்சு முடிச்சுட்டோம், மாடு இருக்குறது கையளவு பண்ணையில. முழுக் கல்லூரி இப்பவே வேணும்னு நான் சொல்லல. ஆனா ஒரு பயிற்சி ஆஸ்பத்திரி முடியும்னு நினைக்குறேன். வெளிநாட்டுல படிக்குற நம்ம பிள்ளைங்க லீவுல வந்து அங்க பயிற்சி எடுக்கட்டும், தெமாசெக் பாலி மாணவருங்க அங்கயே கத்துக்கட்டும், வருமானம் குறைஞ்ச குடும்பங்களுக்கும், தெருப்பூனைங்களைப் பாத்துக்குற தொண்டருங்களுக்கும் குறைஞ்ச கட்டணத்துல வைத்தியம் கிடைக்கட்டும். பெரிய மிருகம், கோழி, ஆடு மாடு பத்திக் கத்துக்க நாமக்கல்லுக்கும் வேப்பேரிக்கும் மாணவருங்களை சில வாரம் அனுப்பலாம். மலேசியாவுல செர்டாங்ல யுபிஎம் கல்லூரி 70கள்ல இருந்தே இருக்கு, காலையில கிளம்பினா மத்தியானம் போய்ச் சேந்துடலாம், அவங்களோடயும் கை கோக்கலாம். ஏவிஎஸ்காரங்களும், அதுக்கு மேல இருக்குற தேசியப் பூங்காக் கழகம் என்பார்க்ஸ்காரங்களும் இதை யோசிச்சுப் பாக்கணும்னு மனசார வேண்டிக்குறேன். அடுத்த நீப்பா எப்ப வரும்னு யாருக்கும் தெரியாது, அப்ப ஆள் தேடி வெளிநாட்டுக்கு விளம்பரம் குடுத்துட்டு இருக்க முடியாது.

ஸ்காலர்ஷிப் விஷயமும் சொல்லணும். நம்ம சமூக அமைப்புங்க, கோயிலுங்க படிப்புக்கு உதவி பண்றாங்க, ரொம்ப நல்லது. அந்த உதவிப் பட்டியல்ல கால்நடை மருத்துவத்தையும் சேருங்க. பல லட்சம் வெள்ளி முழுசாக் குடுக்க முடியாதுன்னு தெரியும், ஒரு வருஷ ஹாஸ்டல் செலவு கிடைச்சாலும் தயங்கி நிக்குற குடும்பம் ஒரு அடி முன்னால வைக்கும்.

ஆசிரியர் அவர்களுக்கு என் வேண்டுகோள் இதுதான். ஒரு ஞாயிற்றுக்கிழமை இதழ்ல சரி, இல்ல மாணவர் பக்கத்துல சரி, இங்க வெட்டா வேலை பாக்குற நம்ம தமிழ் ஆளுங்க சிலரைக் கண்டுபிடிச்சுப் பேசுங்க. கிளினிக்ல இருக்குறவங்க மட்டும் வேண்டாம், துறைமுகத்துல, லேப்ல, மிருகக்காட்சிசாலையில, உணவு சோதனையில இருக்குறவங்களையும் கேளுங்க. என்ன மார்க் வேணும், எந்த நாட்டுல எவ்வளவு செலவாகும், வேலை எப்படி இருக்கும், மனசு எவ்வளவு கஷ்டப்படும் எல்லாத்தையும் வெளிப்படையாப் போடுங்க. வளர்த்தவங்க அழுதுட்டு நிக்கும்போது ஒரு பிராணியை ஊசி போட்டு நிரந்தரமாத் தூங்க வைக்குற வேலை அவங்களுக்கு வாரா வாரம் வருது, அதையும் பிள்ளைங்க தெரிஞ்சுக்கிட்டே போகட்டும்.

அதோட செராங்கூன், பொத்தோங் பாசிர் பக்கம் மாடு வச்சிருந்த நம்ம பழைய பால்காரக் குடும்பங்க இன்னும் சிலர் இருக்காங்க, எண்பது தொண்ணூறு வயசு ஆயிடுச்சு. அந்தக் காலத்துல மாட்டுக்கு நோய் வந்தா யார்கிட்ட போனாங்க, அரசாங்க டாக்டர் வந்தாரா, நாட்டு வைத்தியம் என்ன பண்ணாங்கன்னு அவங்க வாயால கேட்டுப் பதிவு பண்ணுங்க. எங்க அப்பா இருந்திருந்தா முதல் ஆளா அவரைக் கூட்டிட்டு வந்திருப்பேன். அவர் கூட வேலை பாத்த ரெண்டு மூணு பெரியவங்க வீடு எனக்குத் தெரியும், உங்க நிருபர் கேட்டா நானே கூட்டிட்டுப் போறேன்.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகி,
ஈசூன்